கலம்

உண்ணவும் பருகவும் சமைக்கவும் சேமிக்கவும் பயன்படும் ஏனத்தைக் குறிக்கும் பழந்தமிழ்ச் சொல் கலம். கலன் என்றும் வழங்கும். மரக்கலம், அணிகலன், யாழ் முதலிய இசைக்கருவி, போர்க்கருவி, நெல்லளக்கும் முகத்தலளவை ஆகியவற்றுக்கும் இதே பெயர் உண்டு. அண்மை நூற்றாண்டில் மின்கலமும் விண்கலமும் இந்தக் குடும்பத்தில் சேர்ந்தன. மலையாளத்தில் கலம் என்றால் பானை. தெலுங்கில் கலமு கப்பலைக் குறிக்கும். தமிழ் இரண்டையும் வைத்துக்கொண்டு மேலும் பலவற்றைச் சேர்த்துக்கொண்டது. திருநெல்வேலி மாவட்டத்துக் களக்காடு என்னும் ஊர்ப்பெயரிலும் நெல்லடிக்கும் களத்திலும் இருப்பது ளகரம். அவை வேறு சொற்கள்.

களக்காட்டு மலையிலிருந்து இறங்கும் பச்சையாறு சேரும் தாமிரபரணிப் பள்ளத்தாக்கு, இந்தச் சொல்லின் வரலாற்றைப் பொருள்களைக் கொண்டே படிக்க ஏற்ற நிலம். ஆற்றின் தென்கரையிலுள்ள ஆதிச்சநல்லூர்ப் பறம்பை 1876இல் செருமானியரான யாகோர் அகழ்ந்தார். கிடைத்தவை பெர்லினுக்குப் போயின. 1899 முதல் அலெக்சாண்டர் ரீ சில ஆண்டுகள் விரிவாக அகழ்ந்தார். முதுமக்கள் தாழிகளும் அவற்றுக்குள் சிறு மட்கலங்களும் இரும்பு ஆயுதங்களும் பொன் நெற்றிப்பட்டங்களும் வெண்கலக் கிண்ணங்களும் வெளிவந்தன. எருமை உள்ளிட்ட விலங்குகளின் உருவத்தைத் தலையில் தாங்கிய மூடிகள் அந்த வெண்கலப் பொருள்களில் புகழ்பெற்றவை. ஆற்றுக்கு வடக்கே சிவகளையில் தமிழ்நாட்டுத் தொல்லியல் துறை அகழ்ந்தபோது ஒரு தாழிக்குள் நெல் உமி கிடைத்தது. அதன் காலம் கி.மு. 1155 எனக் கணிக்கப்பட்டதை 2021இல் அரசு அறிவித்தது. ஆக இந்தக் கரையில் கலமும் அதற்குள் நெல்லும் மூவாயிரம் ஆண்டுப் பழமை உடையவை.

ஆதிச்சநல்லூர்க் கிண்ணங்களைப் பற்றி இன்னும் சற்றுச் சொல்ல வேண்டும். உலோகவியல் அறிஞர் சாரதா சீனிவாசன் ஆராய்ந்ததில், அங்கே கிடைத்த சில கலங்கள் செம்போடு ஏறத்தாழ 22 முதல் 24 விழுக்காடு வரை தகரம் கலந்தவை எனத் தெரிந்தது. தகரம் அந்த அளவுக்குக் கூடினால் உலோகம் செம்பின் சிவப்பை இழந்து வெளுக்கும். தட்டினால் மணி போல ஒலிக்கும். ஆனால் ஆறிய நிலையில் அடித்தால் உடைந்துவிடும். எனவே பழுக்கக் காய்ச்சி, சூடு இருக்கும்போதே அடித்து மெலிதாக்கி, உடனே நீரில் அமிழ்த்த வேண்டும். இதே முறையில் கிண்ணம் அடிக்கும் தொழில் கேரளத்தில் அண்மைக்காலம் வரை இருந்தது. வெண்கலம் என்னும் உலோகப் பெயரை வெண்மை, கலம் என்று பிரித்துப் பொருள் கொள்வர். செம்புக்கும் இரும்புக்கும் நிறத்தாலோ தன்மையாலோ பெயர் அமைந்திருக்க, இந்த ஓர் உலோகம் மட்டும் தன்னால் செய்யப்பட்ட ஏனத்தின் பெயரையே தன் பெயராகக் கொண்டிருக்கிறது. அந்த வெளிறிய கிண்ணங்களைப் பார்க்கும்போது பெயரின் காரணம் கண்ணுக்கே தெரிகிறது. நெல்லைச் சீமை வீடுகளில் அது 'வெங்கலம்'. பொங்கலுக்கு வெங்கலப் பானை, பழையசோற்றுக்குக் கும்பா என்ற வழக்கம் எவர்சில்வர் வந்த பிறகும் முற்றாகப் போய்விடவில்லை.

இலக்கியத்தில் கலம் வனைபவர் பெருமதிப்போடு பேசப்படுகிறார். புறநானூற்றின் 228ஆம் பாடலும் 256ஆம் பாடலும் குயவரை நோக்கியே பாடப்பட்டவை. இரண்டிலும் அவர் கலம் செய்யும் தலைவராக விளிக்கப்படுகிறார். முன்னதில் ஐயூர் முடவனார், இறந்துபோன சோழன் கிள்ளிவளவனுக்கு எவ்வளவு பெரிய தாழி வனைவாய், உலகத்தையே சக்கரமாக்கி மலையையே மண்ணாக்கி வனைய உன்னால் முடியுமா என்று கேட்கிறார். பின்னதில் கணவனை இழந்த ஒரு பெண், தனக்கும் இடம் இருக்கும்படி தாழியை அகலமாக வனையச் சொல்கிறாள். உண்கலத்தையும் ஈமத்தாழியையும் ஒரே கை வனைந்தது. தென் மாவட்டங்களில் குயவர்க்கு வேளார் என்ற பட்டம் இன்றும் உண்டு. சேரன்மகாதேவிப் பக்கத்துக் காருகுறிச்சியின் மண்பாண்டங்களுக்கு வட்டாரத்தில் நல்ல பெயர்.

யவனர் கலம்

கலம் என்ற சொல்லின் இரு பொருள்கள் ஒன்றோடொன்று உரசும் இடம் புறநானூற்று 56ஆம் பாடல். பாண்டியன் இலவந்திகைப்பள்ளித் துஞ்சிய நன்மாறனை நக்கீரர் பாடியது. யவனர் நல்ல கலத்தில் தந்த மணமுள்ள மதுவை, பொன்னால் செய்த கலத்தில் ஏந்தி மகளிர் தர, அரசன் பருகட்டும் என்று வாழ்த்துகிறார். இரண்டாவது கலம் பருகும் கிண்ணம் என்பதில் ஐயமில்லை. முதலாவது எது? பழைய உரை அதை மது நிறைந்த குப்பியாகக் கொண்டது. கப்பல் என்று கொள்வோரும் உண்டு. அவர்களுக்குத் துணை நிற்பது அகநானூற்று 149ஆம் பாடல். அங்கே எருக்காட்டூர்த் தாயங்கண்ணனார், முசிறியில் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பும் யவனரின் நல்ல கலத்தைச் சொல்கிறார், அது கப்பலே. நன்மாறன் பாட்டில் உரைகாரர் பக்கம் நிற்பதே எனக்குச் சரியாகப் படுகிறது. மது கப்பலில் வந்தது என்பதைவிட, சாடியில் வந்து கிண்ணத்துக்கு மாறியது என்னும்போது பாட்டின் ஓட்டம் நேராக இருக்கிறது.

அந்த யவனர்களின் கிரேக்க மொழியிலும் கிண்ணப் பெயர்கள் இப்படியே அலைந்திருக்கின்றன. எகிப்தின் நௌக்ராத்திசில் பிறந்த அதீனேயசு, கி.பி. 200ஐ ஒட்டி எழுதிய 'விருந்தறிஞர்' நூலின் பதினொன்றாம் பகுதியில் குடிகலங்களின் பெயர்களை அகரவரிசையில் அடுக்கிப் பேசுகிறார். அவற்றுள் காந்தரோசு என்பது இரண்டு உயர்ந்த கைப்பிடிகள் கொண்ட கிண்ணம்; மதுக்கடவுள் தியோனிசோசின் கையில் ஓவியர்கள் வரைவது பெரும்பாலும் இதைத்தான். அதே சொல் சாணவண்டுக்கும் பெயர், ஒரு கடல்மீனுக்கும் பெயர், நாக்சோசுத் தீவின் ஒருவகைப் படகுக்கும் பெயர், மகளிர் அணி ஒன்றுக்கும் பெயர். ஏதென்சின் துறைமுகமான பிரேயசில் மிகப் பெரிய துறைக்கும் காந்தரோசு என்றே பெயர். கும்பே என்ற இன்னொரு சொல் கிண்ணத்தையும் படகையும் குறிக்கும். கோத்தோன் என்பது ஸ்பார்த்தப் படைவீரர் கொண்டுபோன குவளை: அதன் நிறம் கலங்கல் நீரின் அழுக்கைக் கண்ணுக்குக் காட்டாது, உள்மடிந்த விளிம்பு சேற்றை உள்ளேயே தடுத்துவிடும் என்று புளூட்டார்க் விளக்குகிறார். கார்த்தேசு நகரின் உள்துறைமுகமும் கோத்தோன் என்றே அழைக்கப்பட்டது.

கிண்ணம், படகு, அணி என்ற மூன்றும் கிரேக்கத்தில் ஒரு சொல்லிலும் தமிழில் ஒரு சொல்லிலும் சேர்ந்திருக்கின்றன. கடன்வாங்கல் எதுவும் இதில் இல்லை. இரண்டும் தனித்தனியே நடந்தவை. கிரேக்கத்தில் வண்டு, படகு, துறை என்று பொருள் தாவியதற்குப் பெரும்பாலும் வடிவ ஒற்றுமை போதுமான காரணமாகத் தோன்றுகிறது. தமிழில் அது போதாது.

அணி, யாழ், படை

தமிழில் வடிவ ஒற்றுமை மட்டும் போதாது என்பது திருக்குறளில் கலம் ஆளப்படும் இடங்களைப் பார்த்தால் விளங்கும். 660ஆம் குறளில் சுடாத பச்சை மண்கலம். அதில் நீரைச் சேமிப்பது போன்றது வஞ்சத்தால் சேர்த்த பொருளைக் காப்பது. 1000ஆம் குறளில் பாலைக் கெடுக்கும் அழுக்குக் கலம். ஆனால் 60ஆம் குறளில் நன்மக்கள் இல்வாழ்வின் நல்ல கலம், அதாவது அணி. 575இல் கண்ணுக்கு அணிகலம் கண்ணோட்டம். 1262இல் தோளிலிருந்து கழன்று விழும் வளை. கப்பல் வேண்டிய இடத்தில், 496ஆம் குறளில், வள்ளுவர் நாவாய் என்ற சொல்லை எடுக்கிறார்.

வளைக்கும் நெற்றிப்பட்டத்துக்கும் பானைக்கும் என்ன உறவு? புறநானூற்று 206ஆம் பாடலில் ஔவையார், பரிசில் நீட்டித்த அதியமானின் வாயிலில் நின்று, இசைக்கருவிகளைக் காவிக்கொண்டோம், அவற்றின் பையைக் கட்டிவிட்டோம், கிளம்புகிறோம் என்கிறார். கருவிகளை அவர் குறிப்பது கலன் என்றே, கருவிப்பை கலப்பை. இன்று உழவர் கையிலிருக்கும் கலப்பையும் எழுத்தில் அதே சொல். வாளும் வேலும் படைக்கலம். பானை முதல் வாள் வரை பொதுவாக இருப்பது உட்குழிவு அன்று. தேர்ந்த கை செய்துகொடுத்து, மனிதர் எடுத்துப் பயன்படுத்தும் பொருள் என்பதே எல்லாவற்றுக்கும் பொது. கலத்தின் மூலப்பொருள் 'செய்கருவி' என்ற பரந்த கருத்தாக இருந்து, வீட்டில் அதிகம் புழங்கியதால் பானைக்கும் கிண்ணத்துக்கும் அது சிறப்பாக நிலைத்தது என்று கொள்வதே பொருத்தம். ஆதிச்சநல்லூர்த் தாழிகளோடு கிடைத்த கிண்ணம், பொற்பட்டம், இரும்பு ஆயுதம் மூன்றையும் சங்கத் தமிழில் சொல்ல இந்த ஒரு சொல்லே போதும்.

அளவை

அளப்பதற்கும் கலமே பெயர் தந்தது. தொல்காப்பிய உரைகள் அளவுப் பெயர்களுக்குக் காட்டும் எடுத்துக்காட்டுகள் கலம், சாடி, தூதை, பானை, நாழி, மண்டை, வட்டி, அகல், உழக்கு. இவற்றில் பெரும்பாலானவை அடுக்களைப் பாத்திரங்கள். மண்டை என்பது கள்ளும் சோறும் கொள்ளும் கலம், இரப்போர் கையில் ஏந்தியது. பின்னால் அது தலைக்குப் பெயராகிவிட்டது. அகல் விளக்கானது. கலம் மட்டும் பேரளவாக வளர்ந்தது. சோழர் கல்வெட்டுக் கணக்கில் 8 நாழி ஒரு குறுணி, 2 குறுணி ஒரு பதக்கு, 2 பதக்கு ஒரு தூணி, 3 தூணி ஒரு கலம்; அதாவது 96 நாழி. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளின்படி ஆடவல்லான் என்று பெயரிட்ட மரக்காலால் நெல் அளக்கப்பட்டது. குறுணிக்கு மரக்கால் என்றும் பெயர் உண்டு. மதுரை முக்குறுணி விநாயகரின் பெயரில் இருப்பது சரியாகக் கால் கலம்.

நெல்லைச் சீமையிலும் நாஞ்சில் நாட்டிலும் உழவர் கலத்தைவிடக் கோட்டைக் கணக்கையே பெரிதும் பேசினர். ஒரு கோட்டைக்கு 21 மரக்கால். வயலின் பரப்பையும் அதில் விதைக்கும் நெல்லைக் கொண்டு கோட்டை, மரக்கால் விதைப்பாடு என்றே சொன்னார்கள். 1956ஆம் ஆண்டு எடை, அளவுச் சட்டத்துக்குப் பின் மெட்ரிக் முறை வந்து இவை அலுவலகக் கணக்கிலிருந்து நீங்கின. பெரியவர்கள் பேச்சில் நீங்கவில்லை.

சிறிய கலமான கலயம் பனங்காட்டில் நிலைத்தது. கலசம் என்ற வடசொல்லோடு அதை இணைப்போரும் உண்டு. கலம் வழி வந்ததாகக் கொள்வோரும் உண்டு. உள்ளே சுண்ணாம்பு தடவிய கலயத்தைப் பனையேறி பாளையில் கட்டி இறக்கினால் பதனீர். சுண்ணாம்பு இல்லாவிட்டால் புளித்துக் கள்ளாகும். திருநெல்வேலி, தூத்துக்குடிப் பக்கம் அந்தப் பதனியைக் குடிப்பது குருத்தோலையைக் குவித்து மடித்த பட்டையில். குயவரும் வெண்கல வேலை செய்யும் கன்னாரும் இல்லாமல் ஒரு நொடியில் உருவாகும் கலம் அது.

கடலும் வானும்

கடலில் மரக்கலம் என்ற பெயர் நெடுங்காலம் நின்றது. சிலப்பதிகாரத்தில் வரும் கலங்கரை விளக்கம், கலத்தைக் கரைந்து, அதாவது அழைத்து, திசை காட்டும் விளக்கு என்று பழைய உரை சொல்கிறது. காயல்பட்டினம் முதலிய கடற்கரை ஊர்களின் மரைக்காயர் பட்டத்தை மரக்கலராயர் என்பதிலிருந்து விளக்குவது பரவலான வழக்கு. அரபுச் சொல்லிலிருந்து விளக்குவோரும் உண்டு. பாண்டியரின் முத்துத்துறையான கொற்கை இன்று கடலுக்குச் சில கிலோமீட்டர் உள்ளே தள்ளி வயல்களுக்கிடையே இருக்கிறது. மரக்கலத்தைக் கண்ணால் காண விரும்புவோர் தாமிரபரணியின் மேற்பகுதியில் திருப்புடைமருதூர் நாறும்பூநாதர் கோயில் கோபுரத்துக்குள் ஏற வேண்டும். அதன் சுவரோவியங்களில் குதிரைகளை ஏற்றிவரும் கப்பல் ஒன்று தீட்டப்பட்டுள்ளது.

விண்கலம் என்பது கப்பற்பொருளின் நேர் வாரிசு. களக்காட்டுக்குத் தெற்கே அதே மலைத்தொடரின் அடியில் மகேந்திரகிரியில் இஸ்ரோவின் உந்துவிசை வளாகம் இருக்கிறது. 2023 சூலை 14 அன்று சந்திரயான்-3ஐ ஏற்றிச் சென்ற எல்விஎம்-3 ஏவூர்தியின் கிரையோஜெனிக் அடுக்கு அங்கே சோதிக்கப்பட்டு உருவானது. நாளிதழ்கள் சந்திரயானை விண்கலம் என்றே எழுதின. அதற்கு வேறு சொல் தேட வேண்டிய தேவை யாருக்கும் வரவில்லை.

உயிரியலில் மட்டும் தமிழ் இரண்டாகப் பிரிந்திருக்கிறது. இலங்கைத் தமிழ்ப் பாடநூல்களில் உயிரின் அடிப்படை அலகு கலம்: தாவரக் கலம், கலச்சுவர், கலப்பிரிவு. தமிழ்நாட்டில் அது செல் அல்லது உயிரணு. 1665இல் இராபர்ட் ஊக் தக்கைச் சீவலில் கண்ட சிற்றறைகளுக்கு இட்ட ஆங்கிலப் பெயர், இலத்தீனில் சேமிப்பறையைக் குறிக்கும் சொல்லின் வழி வந்தது. அந்த அறைக்குச் சுவரும் உள்ளே சாறும் உண்டு என்பதால் இலங்கையார் தேர்ந்த சொல் பொருளுக்கு நெருக்கமானது, ஒட்டுச் சொற்களுக்கும் எளிதில் இடம் தருவது. மின்கலம், சூரியக்கலம் என்பவற்றைத் தயங்காமல் ஏற்ற தமிழ்நாட்டுப் பாடநூல்கள் இதையும் ஏற்கலாம்.