டாம் அண்ட் ஜெர்ரி தொடரில் குழந்தைப் பாத்திரங்கள்

டாம் என்னும் பூனையும் ஜெர்ரி என்னும் எலியும் துரத்தி விளையாடும் குறும்படத் தொடரை வில்லியம் ஹன்னா, ஜோசப் பார்பெரா இருவரும் அமெரிக்காவின் எம்ஜிஎம் நிறுவனத்தில் 1940-இல் தொடங்கினர். 1958 வரை அவர்கள் 114 படங்களை இயக்கினர். பூனை துரத்தும், எலி தப்பும் என்ற ஒரே அமைப்பைச் சலிப்பின்றி நீட்டிக்கப் புதிய பாத்திரங்கள் தேவைப்பட்டன. அவற்றுள் கதையின் போக்கையே மாற்றியவை குழந்தைகள்.

நிப்பிள்ஸ் வருகை

1946-இல் வெளியான ‘தி மில்க்கி வெய்ஃப்’ படத்தில், இடுப்பில் அணையாடை கட்டிய ஒரு குட்டி எலி ஜெர்ரியின் வாசலில் விடப்படுகிறது. பால்வெளி, திக்கற்ற குழந்தை ஆகியவற்றைக் குறிக்கும் ஆங்கிலச் சொற்களைப் பிணைத்த சிலேடையே படத்தின் தலைப்பு. நிப்பிள்ஸ் எனவும் டஃபி எனவும் அழைக்கப்படும் இக்குட்டிக்கு ஓயாத பசி. பயம் என்பதே தெரியாது. தூங்கும் டாமின் கிண்ணத்துப் பாலையே நாடிச் செல்கிறது. அதுவரை தன்னை மட்டும் காத்துக்கொண்ட ஜெர்ரி, இப்போது இன்னொரு உயிருக்கும் பொறுப்பாகிறது. டாம் குட்டியை அடித்ததும் ஜெர்ரி வெகுண்டு பூனையைப் புரட்டியெடுக்கும் காட்சி இம்மாற்றத்தைக் காட்டுகிறது.

இப்படத்தில் இருவரும் முகத்தில் கறுப்பு மை பூசி மாறுவேடமிடும் காட்சி, கறுப்பின மக்களை இழிவுபடுத்துவதாகப் பின்னாளில் கருதப்பட்டுத் தொலைக்காட்சி ஒளிபரப்புகளில் நீக்கப்பட்டது. குழந்தைகளுக்கான படங்களும் தம் காலத்தின் இனப் பாகுபாட்டைச் சுமந்தன என்பதற்கு இது சான்று.

விருதுகள்

‘தி லிட்டில் ஆர்ஃபன்’ படத்தில் நன்றி நவிலல் நாள் விருந்து மேசையில் நிப்பிள்ஸ் கண்டதையெல்லாம் தின்கிறது. முழு ஆரஞ்சுப் பழத்தையே விழுங்குகிறது. 1948-ஆம் ஆண்டுக்கான ஆஸ்கர் விருதை இப்படம் பெற்றது. ‘தி டூ மவுஸ்கெட்டியர்ஸ்’ 1951-ஆம் ஆண்டுக்கான விருதை வென்றது. அதில் நிப்பிள்ஸ் பிரெஞ்சு பேசும் குட்டி வீரன். இத்தொடர் வென்ற ஏழு ஆஸ்கர் விருதுகளுள் இரண்டு நிப்பிள்ஸ் இடம்பெற்ற படங்களுக்கு உரியவை.

மனிதக் குழந்தை

1956-இல் ‘பிஸி பட்டீஸ்’ படத்தில் ஒரு மனிதக் குழந்தை நுழைகிறது. பார்த்துக்கொள்ள வந்த இளம்பெண் தொலைபேசிப் பேச்சில் மூழ்கியிருக்க, குழந்தை தவழ்ந்து ஆபத்தை நோக்கிச் செல்கிறது. அதைக் காப்பாற்ற டாமும் ஜெர்ரியும் பகையை மறந்து கைகோர்க்கின்றன. 1958-இல் வந்த ‘டாட் வாட்சர்ஸ்’ படத்தில் அக்குழந்தை கட்டுமானத் தளத்தின் இரும்புத் தூண்களின்மேல் தவழ்கிறது. பாடுபட்டு மீட்டுவந்தவர்களையே காவலர்கள் குழந்தைத் திருடர்களாகக் கைது செய்வது கதையின் நகைமுரண்.

எம்ஜிஎம் தன் கார்ட்டூன் பிரிவை 1957-இலேயே மூடிவிட்டதால், ஹன்னா–பார்பெரா அங்கு உருவாக்கிய இத்தொடரின் கடைசிப் படமாக ‘டாட் வாட்சர்ஸ்’ அமைந்தது. துரத்தலில் தொடங்கிய தொடர், பூனையும் எலியும் சேர்ந்து ஒரு குழந்தையைக் காத்த கதையோடு நிறைவுற்றது. நிப்பிள்ஸ் ஜெர்ரியைக் காவலனாக்கியது. மனிதக் குழந்தை பகைவர் இருவரையும் கூட்டாளிகளாக்கியது. ஆபத்தை அறியாத குழந்தையின் குறும்பே, சண்டை மட்டும் தெரிந்த பாத்திரங்களுக்குள் இருந்த பரிவை வெளிக்கொணர்ந்தது.