மகாராஜபுரத்திலிருந்து போன கேமரா

1990இல் ‘குட்டி ஜப்பானின் குழந்தைகள்’ வெளிவந்தபோது எங்கள் விருதுநகர் மாவட்டத்துக்குக் காமராஜர் மாவட்டம் என்று பெயர். சிவகாசி தீப்பெட்டி ஆபீசிலும் பட்டாசு ஆபீசிலும் வேலைபார்த்த பிள்ளைகளைப் பற்றி சலம் பென்னூர்கர் எடுத்த ஆவணப்படம் அது. மம்சாபுரத்துக்காரியான எனக்கு அந்தப் பிள்ளைகளின் கதை புதிதில்லை. சுற்றுப்பட்டியில் எல்லோரும் அறிந்த சங்கதி. அறிந்ததைப் படம்பிடிக்கத்தான் கர்நாடகத்திலிருந்து ஒருவர் வரவேண்டியிருந்தது.

பிறகு எங்கள் மாவட்டமே அப்படி ஒருவரைத் தந்தது. வத்திராயிருப்புப் பக்கம், மலையடிவாரத்தில் இருக்கிறது மகாராஜபுரம். கவிஞர் லீனா மணிமேகலையின் ஊர். 2000களின் தொடக்கத்தில், அரக்கோணம் பக்கம் அருந்ததியர் பெண்பிள்ளைகளைச் சாமிக்கு நேர்ந்துவிடும் வழக்கத்தை ‘மாத்தம்மா’ ஆவணப்படத்தில் பதிவு செய்தார். அடுத்து வந்த ‘பறை’, தலித் பெண்கள் மீதான வன்கொடுமையைப் பேசியது.

அவருடைய படங்களில் ‘தேவதைகள்’தான் உயர்ந்தது என்பேன். மூன்று பெண்கள். ஒருவர் ஒப்பாரி பாடுகிறவர், ஒருவர் கடலுக்குப் போகிறவர், இன்னொருவர் கேட்பாரற்ற பிணங்களை அடக்கம் செய்கிறவர். எங்கள் பக்கம் ஒப்பாரிக்காரியை இழவு வீட்டுக்குக் கூப்பிட்டுப் பாடவைப்பார்கள், கூலி கொடுத்து அனுப்புவார்கள், பாடை போனதும் மறந்துவிடுவார்கள். அந்தப் படத்தில் அப்படி மறக்க முடியாது. அந்தப் பெண்கள் சிரிக்கிறார்கள், திட்டுகிறார்கள், தங்கள் வாழ்க்கையைத் தாங்களே சொல்கிறார்கள். ‘ஐயோ பாவம்’ என்று பார்ப்பவருக்கு அங்கே வேலையே இல்லை. 2008 மும்பை சர்வதேசப் பட விழாவில் அதற்குத் தங்கச் சங்கு கிடைத்தது.

‘செங்கடல்’ கதைப்படம்தான். ஆனால் தனுஷ்கோடி மீனவர்களும் ஈழ அகதிகளுமே அதில் நடித்தார்கள். ஈழ எழுத்தாளர் ஷோபாசக்தியும் சேர்ந்து எழுதினார். இந்திய, இலங்கை அரசுகளை இழிவுபடுத்துகிறது என்று 2011இல் தணிக்கை வாரியம் சான்றிதழ் மறுத்தது. லீனா மேல்முறையீடு செய்தார். தீர்ப்பாயம் ஒரு வெட்டும் இல்லாமல் அனுமதித்தது. இலங்கைக் கடற்படை சுட்டுச் செத்த மீனவர்களைக் காட்டினால் அரசுக்கு இழிவு என்றால், அவர்கள் செத்தது யாருக்கு இழிவு?

இலங்கையில் காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்களைத் தேடிப் போய் எடுத்த ‘வெள்ளை வேன் கதைகள்’ 2013இல் வந்தது. 2019இல் வந்த ‘மாடத்தி’ புதிரை வண்ணாரைப் பற்றியது. கண்ணில் பட்டாலே தீட்டு என்று ஒதுக்கப்பட்ட சாதி அது. பார்க்கவே கூடாது என்று வைக்கப்பட்டவர்களைத் திரையில் பார்க்க வைத்ததற்கு நான் அவருக்குக் கடன்பட்டிருக்கிறேன். 2022இல், காளி வேடத்தில் ஒரு பெண் சிகரெட் பிடிப்பதைக் காட்டிய அவருடைய ‘காளி’ பட போஸ்டருக்காகப் பல மாநிலங்களில் வழக்குப் போட்டார்கள். கைதிலிருந்து அவருக்கு உச்ச நீதிமன்றம் இடைக்காலப் பாதுகாப்பு தந்தது 2023 ஜனவரியில். எங்கள் பக்கத்தில் அவரைப் பெயர் சொல்லி அறிந்த பலருக்கு அந்த போஸ்டர் மட்டும்தான் தெரியும். ஒரு படமும் பார்த்ததில்லை.

கோயில் பொங்கலுக்குத் திரை கட்டிப் படம் போடுவது நமக்குப் பழக்கமானதுதான். மம்சாபுரத்து இளவட்டங்களே, அடுத்த பொங்கலுக்கு ஒரு ராத்திரி ‘தேவதைகள்’ போடுங்கள். ஒப்பாரி பாடும் பெண்களை வீட்டுக்குப் போய் அழைத்து வந்து முன்வரிசையில் உட்கார வையுங்கள்.