குமாஷிரோவின் கறுப்புக் கட்டங்கள்

தாட்சுமி குமாஷிரோ என்று தேடினால் முதலில் வந்து விழுவது போஸ்டர்கள்தான். ஈரம், காமம், உதடு என்று தலைப்புகளிலெல்லாம் ஒரே வாடை. நானும் ஒரு மாதிரியான எதிர்பார்ப்போடுதான் முதல் படத்தைப் போட்டேன், பொய் சொல்லவில்லை. பத்து நிமிஷத்தில் இது வேற சமாச்சாரம் என்று புரிந்துவிட்டது. படுக்கையில் இருக்கும் ஆட்கள் பாட்டு முணுமுணுக்கிறார்கள், ஊர்க்கதை பேசுகிறார்கள், சண்டை போடுகிறார்கள், நடுவில் சிரித்துத் தொலைக்கிறார்கள். உடம்பு அவர்களுக்குச் சிலசமயம் சுமை, சிலசமயம் கையிலிருக்கும் ஒரே சொத்து.

குமாஷிரோ 1927இல் கியூஷு தீவிலுள்ள சாகாவில் பிறந்தவர். 1952இல் ஷோச்சிகு ஸ்டூடியோவில் உதவி இயக்குநர், 1955இல் நிக்கட்சு ஸ்டூடியோவுக்கு மாற்றம். முதல் படம் எடுக்க 1968 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஸ்ட்ரிப் நடனம் ஆடும் ஒரு தாய், மகள் கதை அது. தலைப்பின் பொருள் ஏறக்குறைய ‘முன்வரிசை வாழ்க்கை’. படம் ஓடவில்லை. அதற்குப் பிறகு நாலு வருஷம் கையில் படமில்லை.

அவரைக் காப்பாற்றியது ஸ்டூடியோவின் கஷ்டகாலம். 1912இலிருந்து இயங்கிவந்த நிக்கட்சு, டிவி வந்து தியேட்டர்கள் காலியானதில் மூழ்கும் நிலைக்கு வந்தது. 1971 நவம்பரில் ‘ரோமன் போர்னோ’ என்ற பெயரில் புது வரிசையை ஆரம்பித்தார்கள். எழுபது நிமிஷத்தை ஒட்டிய நீளம், சின்ன பட்ஜெட், பத்து நிமிஷத்துக்கு ஒருமுறை ஒரு படுக்கைக் காட்சி. இதைக் கொடுத்துவிட்டால் மிச்சத்தில் நீ என்ன வேண்டுமானாலும் பண்ணிக்கொள் என்பதுதான் ஒப்பந்தம். பெரிய நட்சத்திரங்கள் மூட்டை கட்டினார்கள். வருஷக்கணக்காக வாய்ப்புக் கிடைக்காமல் கிடந்தவர்கள் உள்ளே வந்தார்கள். 1988 வரை அந்த வரிசை ஓடியது.

இதில் குமாஷிரோ செய்த காரியங்களில் எனக்கு மிகவும் பிடித்தது, தடையையே சாமானாக எடுத்துக்கொண்டது. ஜப்பானிய ஆபாசச் சட்டப்படி பிறப்புறுப்பு திரையில் தெரியக்கூடாது. மற்றவர்கள் ஒரு பூச்சாடியையோ தலையணையையோ வைத்து நாசூக்காக மறைத்தார்கள். இவர் பெரிய கறுப்புக் கட்டத்தைத் திரையில் அப்படியே அறைந்தார், தேவைக்கு மேல் பெரிதாக. ‘இங்கே ஒன்றை மறைத்திருக்கிறார்கள், பார்த்துக்கொள்’ என்று கட்டமே கத்தும். சென்சார்காரனை இதைவிட அழகாகக் கிண்டல் பண்ண முடியுமா, தெரியவில்லை. குரலைப் பின்னால் டப்பிங்கில் சேர்த்ததும் பணத்தை மிச்சப்படுத்தத்தான். ஆனால் அதனால்தான் உதடு அசையாதபோதும் ஆட்கள் முனகலாம், பாடலாம், புலம்பலாம். அவருடைய முக்கியமான படங்களுக்குக் கேமரா ஷின்சாகு ஹிமேடா. இமாமுராவின் ‘பூச்சிப் பெண்’ணைப் படமாக்கிய அதே கை.

இதோடு நிறுத்தினால் ஒரு நல்ல ரசிகர் குறிப்பு கிடைத்துவிடும். என்னால் நிறுத்த முடியாததற்குக் காரணம் 1972 அக்டோபரில் வந்த ‘இச்சிஜோ சாயுரி: ஈரமான காமம்’.

இச்சிஜோ சாயுரி கற்பனைப் பாத்திரம் இல்லை. அன்றைக்கு ஜப்பானில் மிகப் பேர்போன ஸ்ட்ரிப் நடனக்காரி. எரியும் மெழுகுவர்த்தியின் சூடான மெழுகைத் தன் உடம்பில் சொட்டவிடும் ஆட்டம் அவருடையது. படத்தில் அவர் அவராகவே வருகிறார். அவரைப் பார்த்துப் பொறாமையில் வேகும் இளைய நடனக்காரி ஹாருமியாக ஹிரோகோ இசயாமா. ஹாருமி வாயைத் திறந்தாலே பொய். ஊர், பிறப்பு, காதல் எல்லாவற்றையும் ஆளுக்கொரு விதமாகச் சொல்லுவாள். பிழைப்புக்காகப் பொய் சொல்லும் பெண்ணை இத்தனை பிரியத்தோடு பார்த்த படம் வேறு எனக்கு ஞாபகம் வரவில்லை. கினேமா ஜும்போ இதழ் அந்த ஆண்டின் சிறந்த நடிகையாக இசயாமாவையும், சிறந்த திரைக்கதைக்காகக் குமாஷிரோவையும் தேர்ந்தெடுத்தது.

அதே 1972இல், ஒசாகாவில் மேடையிலிருந்து ஓய்வு பெறுவதற்கான நிகழ்ச்சியில் சாயுரியைப் போலீஸ் கைதுசெய்தது. பொது இடத்தில் அநாகரிகம் என்று குற்றச்சாட்டு. வழக்கு நடந்து கடைசியில் அவர் சிறைக்குப் போனார்.

இன்னும் இரண்டு வழக்குகளைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். 1972 தொடக்கத்தில் நிக்கட்சுவின் சில படங்கள்மீது போலீஸ் பாய்ந்தது. இயக்குநர்களோடு அவற்றுக்கு அனுமதி கொடுத்த தணிக்கை அமைப்பின் ஆட்களும் குற்றவாளிக் கூண்டில் நின்றார்கள். 1980இல் மேல்முறையீட்டிலும் விடுதலை. அதே 1972இல் எழுத்தாளர் அகியுகி நோசாகா தான் ஆசிரியராக இருந்த பத்திரிகையில், காஃபு நாகாய் எழுதியதாகச் சொல்லப்படும் பழைய காமக்கதை ஒன்றை வெளியிட்டார். அவர்மீதும் வழக்கு. அது நடந்துகொண்டிருக்கும்போதே, 1973இல், குமாஷிரோ அந்தக் கதையின் தலைப்பை லேசாக மாற்றிவைத்து ஒரு படம் எடுத்தார். ‘தி வேர்ல்ட் ஆஃப் கெய்ஷா’ என்று வெளியில் அறியப்படுவது அதுதான். அரிசிக் கலவரமும் சைபீரியாவுக்குப் போகும் சிப்பாய்களும் 1918ஆம் ஆண்டின் பின்னணியில் நடமாட, உள்ளே ஒரு கெய்ஷாவும் வாடிக்கையாளனும். சரியான நக்கல். படம் தியேட்டரில் ஓடியது. 1980இல் உச்ச நீதிமன்றம் நோசாகாவின் அபராதத்தை உறுதிசெய்தது.

ஆக, படம் எடுத்தவர்கள் தப்பித்தார்கள், அச்சிட்டவர் அபராதம் கட்டினார், உடம்போடு மேடையில் நின்றவள் கம்பி எண்ணினாள். குமாஷிரோமீது இதில் குற்றம் சொல்ல மாட்டேன். அவர் யாரையும் பிடித்துக் கொடுக்கவில்லை. ஆனால் அவருடைய கறுப்புக் கட்டத்தை எதிர்ப்பின் சின்னம் என்று எழுதும்போதெல்லாம் எனக்குக் கொஞ்சம் உறுத்தும். அந்தக் கட்டம் திரையில் இருக்கும் பெண்ணுக்கு ஒரு கவசமும்தான். சாயுரிக்கு மேடையில் அப்படி ஒன்று கிடையாது.

குமாஷிரோ பின்னால் வெளி ஸ்டூடியோக்களிலும் படம் எடுத்தார். நிக்கட்சுவில் அவருக்கு உதவியாளராக இருந்த கசுஹிகோ ஹசெகாவா, ‘தி மேன் ஹூ ஸ்டோல் தி சன்’ எடுத்தார். 1979இல் கென்ஜி நாகாகாமியின் கதையை வைத்துக் குமாஷிரோ எடுத்த ‘செந்நிற முடிப் பெண்’ இன்னொரு உச்சம். ஜுன்கோ மியாஷிதாவின் நடிப்புக்காகவே பார்க்கணும். நுரையீரல் கெட்டுப்போய் ஆக்சிஜன் குழாயோடு 1994இல் ஒரு படத்தை முடித்தார். 1995 பிப்ரவரியில் இறந்தார்.

சாயுரி 1997இல் ஒசாகாவின் காமகாசாகியில் இறந்தார். தினக்கூலிகள் ஒண்டியிருக்கும் பேட்டை அது. அதைப் படித்த இரவு படத்தை மறுபடி போட்டேன். மெழுகு சொட்டும் காட்சி வந்தபோது கட்டம் எங்கே இருக்கிறது என்று கவனிக்கவில்லை. அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.