ஃபோட்டானும் கரிசல் சீமையும்

வத்திராயிருப்பு என்ற ஊர் இன்று விருதுநகர் மாவட்டத்தைச் சேர்ந்தது. 1985க்கு முன் இராமநாதபுரம் ஜில்லாவிலும், 1910க்கு முன் திருநெல்வேலி ஜில்லாவிலும் இருந்தது. சதுரகிரி மலையடிவாரத்தில், மேற்குத் தொடர்ச்சி மலை ஓடைகளின் தயவால் நெல் விளையும் அவ்வூருக்கும், கீழ்த்திசையில் மழையை நம்பிக் கம்பும் பருத்தியும் விதைத்துக் காலம் தள்ளிய சிவகாசிக்கும் இடையே தூரம் அதிகமில்லை என்றாலும், இரண்டும் வெவ்வேறு உலகங்களாகவே நெடுங்காலம் இருந்து வந்தன. சென்ற நூற்றாண்டின் இருபதுகளில் இவ்விரு ஊர்களிலிருந்தும் வாலிபர்கள் கல்கத்தாவுக்குச் சென்றார்கள். வத்திராயிருப்பில் 1898ஆம் ஆண்டு டிசம்பர் 4ஆம் நாள் பிறந்த கரியமாணிக்கம் ஸ்ரீனிவாச கிருஷ்ணன் பௌதிக சாஸ்திரத்தில் ஆராய்ச்சி செய்யச் சென்றார். சிவகாசியைச் சேர்ந்த பி. அய்ய நாடாரும் ஏ. சண்முக நாடாரும் 1922இல் தீப்பெட்டி செய்யும் வித்தையைக் கற்றுவரச் சென்றார்கள். முன்னவர் ஒளியின் இயல்பைத் தேடிப் போனவர். பின்னவர்கள் வயிற்றுப் பிழைப்புக்கு ஒரு தொழிலைத் தேடிப் போனவர்கள். நோக்கங்கள் வேறானாலும், ஒளியின் மிகச் சிறிய கூறுக்கு விஞ்ஞானம் ‘ஃபோட்டான்’ என்று பெயரிட்டு, அப்பெயருக்கு நிலையான பொருளும் கண்டுகொண்ட அதே ஆண்டுகளில் இவை நிகழ்ந்தன என்பதும், அப்பெயரின் வரலாற்றில் இந்த வறண்ட சீமைக்கும் ஒரு பங்கு உண்டு என்பதும் நம்மவர் பலர் எண்ணிப் பாராத விஷயம்.

அணுத்துகள் இயலில் ஃபோட்டான் என்றால் இன்று பொருள் தெளிவானது. ஒளியோ, எக்ஸ் கதிரோ, வானொலி அலையோ, எந்த மின்காந்தக் கதிர்வீச்சாயினும் அதன் சக்தி தொடர்ச்சியாகப் பாயாமல் தனித்தனிக் கூறுகளாகவே கொடுக்கவும் வாங்கவும் படுகிறது. அந்தக் கூறு ஒன்றே ஃபோட்டான். ஒன்றின் சக்தி அதன் அதிர்வெண்ணைப் பிளாங்க் மாறிலியால் பெருக்கி வருவது. ஆகவே நீல ஒளியின் ஃபோட்டான் சிவப்பொளியின் ஃபோட்டானைவிடச் சக்தி மிகுந்தது. அதற்கு நிறை இல்லை, மின்னேற்றம் இல்லை. சுழற்சி எண் ஒன்று. மின்னேற்றம் உடைய இரு துகள்கள் ஒன்றையொன்று ஈர்ப்பதும் விலக்குவதும் ஃபோட்டான்களின் பரிமாற்றத்தால்தான் என்பது சாஸ்திரத்தின் இன்றைய கொள்கை. எழுத்தில் அதைக் காமா என்ற கிரேக்க எழுத்தால் குறிப்பார்கள்.

கருத்து முதலில் பிறந்து பெயர் பின்னால் வந்த கதை இது. 1900இல் மாக்ஸ் பிளாங்க், சூடேறிய பொருள்களின் கதிர்வீச்சை விளக்க வேறு வழியின்றிச் சக்தியைக் கூறு போட்டார். 1905இல் ஐன்ஸ்டைன் ஒருபடி மேலே சென்று ஒளியே அவ்விதக் கூறுகளாகத் திகழ்கிறது என்று துணிந்து சொல்லி, அந்தக் கூறை ‘ஒளிக் குவாண்டம்’ என்றார். அவருக்கு 1921ஆம் ஆண்டுக்குரிய நோபெல் பரிசு ஒளிமின் விளைவின் விதிக்காக வழங்கப்பட்ட பின்னும், ஒளிக் குவாண்டத்தை மெய்யென்று ஒப்புக்கொள்ள மனமில்லாத பண்டிதர்கள் அநேகர் இருந்தனர். 1923இல் ஆர்தர் காம்ப்டன், எக்ஸ் கதிர்கள் எலெக்ட்ரான்களின்மீது மோதிச் சிதறும்போது சக்தி குன்றி வெளிவருவதை அளந்து காட்டிய பிறகே அந்தத் தயக்கம் தளரத் தொடங்கியது. மறு ஆண்டு டாக்காவிலிருந்து சத்யேந்திரநாத் போஸ், ஒளிக் குவாண்டங்களை எண்ணுவதற்கே ஒரு புதிய முறையை வகுத்தார்.

இத்தனைக்கும் ‘ஃபோட்டான்’ என்ற சொல் அவர்கள் எவருடையதும் அன்று. 1916இல் அமெரிக்கராகிய லெனார்ட் டிரோலண்ட், விழித்திரையில் விழும் வெளிச்சத்தை அளக்கும் அலகு ஒன்றுக்கு அப்பெயரைச் சூட்டினார். 1921இல் ஜான் ஜாலி என்ற ஐரிஷ்காரர் பார்வை உணர்ச்சியைப் பற்றிய தம் கொள்கையில் அதைக் கையாண்டார். வேறு ஓரிருவரும் கையாண்டார்கள். கடைசியாக, கலிபோர்னியாவின் பெர்க்லி சர்வகலாசாலையில் இரசாயனப் பேராசிரியராக இருந்த கில்பர்ட் லூயிஸ், 1926 டிசம்பர் 18ஆம் நாள் வெளிவந்த ‘நேச்சர்’ இதழில் எழுதிய கடிதத்தில் அப்பெயரை முன்மொழிய, அது நிலைத்துவிட்டது. இதில் ரசமான செய்தி யாதெனில், லூயிஸ் கருதிய ஃபோட்டான் இன்று நாம் கருதும் ஃபோட்டானே அன்று. அதை அவர் ஒருவித அணுவாகவே கற்பித்து, அதை ஆக்கவோ அழிக்கவோ இயலாது, உலகிலுள்ள ஃபோட்டான்களின் தொகை என்றும் மாறாது என்று கொண்டார். விளக்கை ஏற்றினால் ஃபோட்டான்கள் புதிதாகத் தோன்றுகின்றன, சுவரில் பட்டால் மறைகின்றன என்பதே உண்மையாதலால், அவருடைய கொள்கை சில நாட்களிலேயே உதிர்ந்துபோயிற்று. பெயர் மட்டும் பிழைத்து, ஐன்ஸ்டைனின் குவாண்டத்துக்கு உரியதாயிற்று. 1927 அக்டோபரில் பிரஸ்ஸல்ஸ் நகரில் கூடிய ஐந்தாவது சால்வே மாநாட்டின் தலைப்பே ‘எலெக்ட்ரான்களும் ஃபோட்டான்களும்’ என்றிருந்தது. கடிதம் வெளிவந்து ஓராண்டுகூட ஆகாத காலத்தில் ஒரு சொல்லுக்கு இத்தகைய பட்டாபிஷேகம் வாய்ப்பது அபூர்வம்.

இந்தச் சந்தர்ப்பத்தில்தான் நம் வத்திராயிருப்பார் காட்சிக்கு வருகிறார். தமிழிலும் வடமொழியிலும் வல்ல தந்தைக்குப் பிறந்து, ஸ்ரீவில்லிபுத்தூரிலும் மதுரை அமெரிக்கன் கல்லூரியிலும் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியிலும் படித்த கிருஷ்ணன், கல்கத்தாவில் பௌபஜார் தெரு 210ஆம் எண் கட்டடத்தில், 1876இல் டாக்டர் மகேந்திரலால் சர்க்கார் நிறுவிய விஞ்ஞான வளர்ச்சிச் சங்கத்தில், சி. வி. ராமனின் ஆராய்ச்சித் துணைவராக அமர்ந்தார். கணித அனுமானங்களில் ஆழ்ந்து கிடந்த அவரை 1928 ஜனவரி இறுதியில் ராமன் மீண்டும் சோதனை மேஜைக்கு இழுத்து வந்தார். அந்தப் பிப்ரவரி மாதம் கிருஷ்ணன் எழுதி வைத்த நாட்குறிப்பு, பிற்காலத்தில் ‘ராமன் விளைவு’ என்று வழங்கலான கண்டுபிடிப்பின் தினசரி வரலாற்றை அறிய விரும்புவோர்க்கு முதன்மையான ஆதாரமாயிற்று.

சோதனையின் அமைப்பு எளியது. விளக்கு கதிரவனே. சூரிய ஒளியைத் தொலைநோக்கியின் வில்லையால் குவித்து, நீலமும் ஊதாவும் மட்டும் கடந்து செல்ல விடும் கண்ணாடி வடிகட்டி ஒன்றின் வழியே, தூசு நீங்கத் திரும்பத் திரும்ப வாலையில் வடித்தெடுத்த திரவத்தினுள் செலுத்துவார்கள். திரவத்தில் பட்டுப் பக்கவாட்டில் சிதறும் ஒளியின் பாதையில், நீலத்தைத் தடுத்துப் பச்சை மஞ்சளை மட்டும் விடும் வேறொரு வடிகட்டியை வைப்பார்கள். முதல் வடிகட்டி விட்டதை இரண்டாவது தடுத்துவிடுமாதலால், கண்ணுக்கு எதுவும் தெரியக்கூடாது. ஆனால் மங்கலான ஒரு பிரகாசம் தெரிந்தது. திரவங்களை மாற்றி மாற்றிச் சுமார் 60 வகைகளைப் பார்த்தபோதும், ஒவ்வொன்றிலும் கூடவோ குறையவோ அது இருந்தது. சாதாரண ஒளிர்தல் என்று தள்ளிவிடவும் முடியவில்லை. ஏனெனில் அது ஒரே தளத்தில் அதிரும் முனைவாக்கம் பெற்றிருந்தது. பிப்ரவரி 28ஆம் நாள் நிறமாலை நோக்கியில் பார்க்கையில் விஷயம் ஐயமறத் தெளிவாயிற்று. சந்தைக்குப் போகிறவன் வழியில் சுங்கம் செலுத்திவிட்டு மிச்சப் பணத்தோடு நடப்பதைப்போல, ஒளியின் கூறு ஒன்று மூலக்கூறுக்குத் தன் சக்தியில் ஒரு பகுதியைக் கொடுத்துவிட்டு, எஞ்சிய சக்திக்கேற்ற வேறு நிறத்தோடு வெளியேறுகிறது.

இதை அறிவித்த கடிதத்தில் ராமன், கிருஷ்ணன் இருவருடைய பெயர்களும் இருந்தன. 1928 மார்ச் 31ஆம் நாள் ‘நேச்சர்’ அதை வெளியிட்டது. விளைவு ராமனின் பெயரால் வழங்கலாயிற்று. 1930இல் நோபெல் பரிசும் அவர் ஒருவருக்கே கிடைத்தது. பரிசு பெற்றவரின் மேதையை ஐயுறாமலே, அந்தப் பிப்ரவரி மாதத்து உழைப்பில் பெரும்பகுதி யாருடைய கண்களையும் கைகளையும் சேர்ந்தது என்பதை இம்மாவட்டத்துப் பள்ளிக்கூடங்களிலாவது எடுத்துச் சொல்ல வேண்டும் என்பது என் அபிப்பிராயம்.

சொல்லின் பிரயோகத்தைக் கவனிப்போம். 1928ஆம் ஆண்டுக் கடிதத்தின் தலைப்பில் ஃபோட்டான் இல்லை. ‘புதுவகை இரண்டாம் நிலைக் கதிர்வீச்சு’ என்ற பழைய பாஷையே இருந்தது. மூன்றே ஆண்டுகளில், 1931இல், அதே கல்கத்தாவிலிருந்து ராமனும் பகவந்தமும் எழுதிய கட்டுரையின் தலைப்பு ஃபோட்டானின் சுழற்சிக்குச் சோதனைவழி நிரூபணம் என்று பேசியது. முதலில் ஒளிச் சிதறலில் கண்டதை விவரிக்க மட்டும் துணிந்தவர்கள், பிறகு அதைச் சுழற்சி முதலான லட்சணங்களோடு கூடிய ஒரு தனிப் பொருளாகவே கருதத் தலைப்பட்டுவிட்டார்கள் என்பது இதிலிருந்து விளங்கும். கிருஷ்ணனோ 1928 டிசம்பரில் டாக்கா சர்வகலாசாலைக்குச் சென்று, போஸ் இருந்த அதே துறையில் ரீடராக அமர்ந்து, பளிங்குகளின் காந்த குணங்களில் தம் கவனத்தைத் திருப்பினார். 1933இல் கல்கத்தாவுக்குத் திரும்பி மகேந்திரலால் சர்க்கார் பேராசிரியரானதும், 1947இல் டில்லியில் தேசிய பௌதிக ஆராய்ச்சிக்கூடத்தின் முதல் இயக்குநரானதும், 1961இல் மறைந்ததும் வேறொரு கட்டுரைக்குரியவை. போஸின் எண்ணும் முறைக்கு உட்பட்ட துகள்களுக்கு ‘போசான்’ என்ற பெயரை 1945இல் டிராக் அளித்தார். ஃபோட்டான் அந்தக் குடும்பத்தின் மூத்த பிள்ளை.

தீப்பெட்டி வித்தையைக் கற்கப் போன சிவகாசிக்காரர்களோ கல்கத்தாவிலிருந்து மாதங்கள் சிலவற்றில் திரும்பி, ஜெர்மனியிலிருந்து இயந்திரங்களைத் தருவித்து, 1923இல் தீப்பெட்டித் தொழிலைத் தொடங்கினார்கள். பக்கத்து விருதுபட்டி, விருதுநகர் என்று பெயர் மாறியதும் அந்த ஆண்டிலேதான். இயந்திரத்தைவிட மனிதக் கை மலிவாகக் கிடைத்த அந்தப் பஞ்சச் சீமையில், குச்சி அடுக்குவதும் மருந்து முக்குவதும் பெட்டி ஒட்டுவதும் விரைவிலே கைத்தொழிலாகிவிட்டன. தீக்குச்சியிலிருந்து வாணவேடிக்கைக்குத் தாண்டுவது பெரிய தூரமன்று. இரண்டுக்கும் வேண்டிய உப்புகளும் வறண்ட காற்றும் ஒன்றே. 1940இல் வெடிபொருள் விதிகள் வந்து லைசென்ஸ் முறை ஏற்பட்டதும், யுத்தத்தால் அந்நியச் சரக்கு வரத்து நின்றதும் பட்டாசுத் தொழிற்சாலைகளுக்கு வழி திறந்தன.

ஒரு தொழிற்சாலையில் பேன்சி ரகங்களுக்கு, வானில் நிறம் காட்டும் மணி மருந்து செய்யும் அறையைப் பார்த்தால், தொழிலின் நுட்பமும் ஆபத்தும் ஒருங்கே புலப்படும். சிறிய தனி அறை, சுற்றிலும் வெற்றிடம், உள்ளே இரும்புக் கருவி எதுவும் கூடாது, உராய்வைக் கண்டு அத்தனை பயம். ஸ்ட்ரான்ஷியம் நைட்ரேட் ஒரு வெள்ளைப் பொடி. பேரியம் நைட்ரேட்டும் வெள்ளைப் பொடியே. பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் எது எதுவென்று கண்ணால் சொல்வது அரிது. எரிந்த பிறகு ஒன்று வானத்தைச் சிவப்பாக்கும், மற்றது பச்சையாக்கும். காரணம் இதுதான்: தீயின் வெப்பத்தில் அந்த உலோகங்கள் குளோரினோடு சேர்ந்து உண்டாக்கும் மூலக்கூறுகள் சக்தியேறிய நிலைக்குத் தூக்கப்பட்டு, மீண்டும் இறங்கும்போது இறக்கத்தின் அளவுக்குச் சரியான ஃபோட்டானை உமிழ்கின்றன. பேரியம் குளோரைடு உமிழும் பச்சை ஃபோட்டானின் சக்தி சுமார் 2.4 எலெக்ட்ரான் வோல்ட். ஸ்ட்ரான்ஷியத்தின் சிவப்பு 2க்குச் சற்றுக் குறைவு. தாமிரத்தின் நீலம் 2.8 அளவில் நிற்கும். நீலம் தருவதே மிகக் கடினம் என்று இத்தொழிலில் பழகியவர்கள் சொல்வதன் விளக்கமும் இங்கே கிடைக்கிறது: தீ மிகச் சூடானால் தாமிரக் குளோரைடு சிதைந்து நிறம் வெளுத்துவிடும், சூடு குறைந்தால் ஒளி மங்கிவிடும். ஒரு ஜூல் பச்சை ஒளியில் மட்டும் ஏறக்குறைய 25,000 கோடி கோடி ஃபோட்டான்கள் அடங்கும் என்றால், தீபாவளி இரவில் ஒரே தெருவின் கணக்கைப் போடும் துணிச்சல் எனக்கில்லை.

ஃபோட்டான் என்ற சொல் எளிதாக வாயில் புரள்வதாலேயே அதைக் கண்டு எரிச்சலடைந்த விஞ்ஞானிகளும் உண்டு. 1955இல் நோபெல் பரிசு பெற்ற வில்லிஸ் லாம்ப், அச்சொல்லைத் தோட்டா குண்டு என்று எண்ணிக்கொண்டு பலர் தவறாக வழங்குவதைப் பார்த்து, இனி அதைப் பயன்படுத்தத் தக்கவர்களுக்கு மட்டும் லைசென்ஸ் கொடுக்க வேண்டும் என்று வேடிக்கையாகச் சொன்னார். 1995இல் ஃபோட்டான் என்ற சொல்லுக்கு எதிராக ஒரு கட்டுரையே எழுதினார். சிவகாசியில் லைசென்ஸின் பொருள் என்னவென்று அவருக்குத் தெரிந்திருந்தால் அந்தச் சொல்லை இன்னும் பயபக்தியோடு கையாண்டிருப்பார். இங்கே அது வேடிக்கையன்று. நாகபுரியில் உள்ள வெடிபொருள் துறையின் அனுமதியும், அறைக்கு இத்தனை பேர், இவ்வளவு மருந்து என்ற வரம்பும் மீறப்படும் இடங்களில் உயிர்ப்பலிகள் நேர்ந்துகொண்டே இருக்கின்றன.

2018 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் பட்டாசுகளில் பேரிய உப்புகளைப் பயன்படுத்தக் கூடாதென்று விதித்தது. பேரியம் நைட்ரேட்டைச் சேர்க்க அனுமதிக்குமாறு உற்பத்தியாளர்கள் கேட்டுக்கொண்டதும் 2023இல் நிராகரிக்கப்பட்டது. பேரியம் வெறும் நிறத்துக்காக மட்டும் வழங்கியதன்று. எரிவதற்கு வேண்டிய பிராணவாயுவைத் தரும் உப்பாகவும் அது கம்பி மத்தாப்பு முதலான பல சரக்குகளில் இடம்பெற்றிருந்தது. ஆகையால், அதை நீக்கினால் பச்சை நிறத்தோடு கலவையின் அளவுகளும் எரியும் வேகமும் விலையும் எல்லாமே மாறிவிடுகின்றன. 2.4 எலெக்ட்ரான் வோல்ட் அளவுக்குச் சரியாக இறங்கி அதே பிரகாசத்தோடு பச்சை தரும் வேறு மலிவான சரக்கைத் தேடும் வேலை இன்று இரசாயன நிபுணர்களின் தலையில் விழுந்திருக்கிறது. அதுவரை பச்சைக்குரிய மணி மருந்தின் பழைய அளவுகளை மனப்பாடமாக வைத்திருக்கும் சிவகாசிக் கைகளுக்கு, அந்தப் பாடத்தைச் செய்து பார்க்கச் சட்டத்தில் இடமில்லை.