லகாஷின் மறைஞர்களும் பாபிலோனின் எழுத்தர்களும்

வானத்தை மறைபொருளாய்ப் போற்றும் வேற்றுலகக் குழுவொன்றைப் புனைந்த கதைகளுள் ஐசக் அசிமோவின் 'நைட்ஃபால்' தனித்து நிற்கிறது. 1941 செப்டம்பரில் 'அஸ்டவுண்டிங் சயின்ஸ் ஃபிக்‌ஷன்' இதழில் அது வெளிவந்தபோது அவருக்கு வயது 21. ஆறு சூரியன்கள் ஒளிரும் லகாஷ் கோளில் இரவென்பதே கிடையாது. 2049 ஆண்டுகளுக்கு ஒருமுறை நேரும் கிரகணத்தில் மட்டும் இருள் கவிகிறது. மிரண்ட மக்கள் ஒளிவேண்டித் தம் நகரங்களையே எரித்துவிடுகின்றனர்.

விண்மீன்களைப் பற்றிய நினைவை மறைநூலில் காத்துவருவது ஒரு சமயக்குழு. வானியலாளர் அதனிடமே தரவுகளைப் பெறுகின்றனர். 'எங்கள் நம்பிக்கையை மெய்ப்பிப்பதாக வாக்களித்துவிட்டு, அதனை வெறும் இயற்கை நிகழ்வாக்கிவிட்டீர்களே' எனச் சினக்கிறார் குழுவைச் சேர்ந்த லாடிமர்.

இச்சினத்திற்கு நம் உலக வரலாற்றிலும் இடமுண்டு. பாபிலோனிய எழுத்தர்கள் கிரகணங்களைத் தெய்வக் குறிகளாகக் கருதிக் களிமண் பலகைகளில் பதிந்துவைத்தனர். கி.மு. 721ஆம் ஆண்டின் சந்திர கிரகணப் பதிவைக் கி.பி. 2ஆம் நூற்றாண்டில் தாலமி நிலவின் இயக்கத்தைக் கணிக்கப் பயன்படுத்தினார். எழுதியவர்களின் அச்சம் உதிர்ந்தது. எண்கள் மட்டும் எஞ்சின.

அச்சமின்றேல் அப்பதிவுகள் தலைமுறை தலைமுறையாய்த் தொடர்ந்திருக்குமா? ஆகவே லாடிமரை மூடர் என்று ஒதுக்கிவிட நமக்கு மனம் வருவதில்லை.