நாரத்தை போன வழி, நரிஞ்சின் வந்த வழி

ராஜபாளையத்தை விட்டுத் தெற்கே இறங்கினால் சேத்தூர், சிவகிரி, வாசுதேவநல்லூர், புளியங்குடி, கடையநல்லூர், தென்காசி என்று ஊர்கள் ஒரே சாலையில் மணி கோத்தாற்போல் வரும். வலப்பக்கம் மேற்கு மலை கூடவே நடந்து வரும். இந்தப் பக்கத்துத் தோட்டங்களில் விளையும் எலுமிச்சை புளியங்குடிக் கமிஷன் கடைகளில் பெரிசு, நடுத்தரம், பொடிசு என்று பிரிந்து, சாக்கில் ஏறி, அதே சாலையில் செங்கோட்டை தாண்டி ஆரியங்காவுக் கணவாய் வழியே கேரளத்துக்குப் போகும். கணவாய்க்கு இந்தப் பக்கம் எலுமிச்சை. அந்தப் பக்கம் இறங்கியதும் செறுநாரங்ங. புனலூரில் தாகத்துக்கு ஒருவர் கேட்பது நாரங்ஙாவெள்ளம்.

சாக்கும் அதே சாக்கு, காயும் அதே காய். ஆனால் சிவகிரிக்காரர் ஒருவர் அங்கே போய் ‘நாரங்ங’ என்று கேட்டால், அவர் மனசில் எலுமிச்சை வராது. வீட்டுப் பரணில் வெள்ளைத் துணி கட்டிய ஜாடியும் அதற்குள் சுருண்டு கிடக்கும் நாரத்தங்காயும்தான் வரும். மலையாளத்தில் புளிப்பு வர்க்கம் முழுவதற்கும் பொதுப்பெயரான சொல், தமிழில் தடித்த தோலும் கசப்பும் உள்ள ஒரு காய்க்கு மட்டும் நின்றுவிட்டது. அந்தக் கசப்பின் பெயரைப் பற்றியதுதான் இந்தக் கட்டுரை. வேதியியலில் அதற்கு நரிஞ்சின் என்று பெயர்.

முதலில் பொருளைப் பார்ப்போம். எலுமிச்சை வர்க்கத்துப் பழங்களின் மஞ்சள் தோலுக்கு அடியில் பஞ்சுபோல ஒரு வெண்தோல் இருக்கும். சுளையைச் சுற்றிய சவ்வும் அதோடு சேர்ந்ததே. பம்ப்ளிமாஸ் உரிக்கும்போது சுளையின் மேல் அந்தச் சவ்வு கொஞ்சம் ஒட்டிக்கொண்டாலும் முகம் சுளிக்கிறோமே, அந்தச் சுளிப்புக்கு முதற்காரணம் நரிஞ்சின். பத்தாயிரம் பங்கு தண்ணீரில் ஒரு பங்கு கலந்திருந்தாலும் நாக்கு அதைக் கண்டுபிடித்துவிடும். கரிமச் சேர்மங்களில் ஃபிளேவனாய்டு என்ற பெருங்குடும்பத்தைச் சேர்ந்தது. 27 கார்பன், 32 ஹைட்ரஜன், 14 ஆக்சிஜன் அணுக்கள் கொண்டது. ஒரு நடு உடலும் அதன் மேல் ஏறி உட்கார்ந்த இரண்டு சர்க்கரைகளும் என்று அதன் அமைப்பைச் சொல்லலாம். குளுக்கோஸ் ஒன்று, ரம்னோஸ் ஒன்று.

வேடிக்கை அந்தச் சர்க்கரைகளில் இருக்கிறது. அதே நடு உடல், அதே இரண்டு சர்க்கரைகள். ஒன்றோடொன்று கை கோக்கும் இடம் மட்டும் மாறினால் நரிருட்டின் என்ற வேறொரு பொருள் கிடைக்கும். அதில் கசப்பே இல்லை. கசப்பு சரக்கில் இல்லை, சேர்க்கையில் இருக்கிறது. சர்க்கரைகளை நொதி கொண்டு கழற்றிவிட்டால் எஞ்சும் நடு உடலுக்கு நரிஞ்செனின் என்று பெயர். சர்க்கரையோடு சேர்ந்த தாவரப் பொருளுக்கு ‘இன்’ விகுதி, சர்க்கரை நீங்கியதற்கு ‘எனின்’ என்பது வேதியியலாரின் பழக்கம். பழச்சாற்று ஆலைகளில் கசப்பு எடுக்க உதவும் அந்த நொதிக்கு நரிஞ்சினேஸ். ஒரே பகுதியிலிருந்து கிளைத்த சொற்கள். நம் இலக்கண வாத்தியார்கள் பகுதி விகுதி பிரித்துப் பார்த்தால் மகிழ்ந்திருப்பார்கள்.

பகுதி எது? அதற்கு ஜாவாவுக்குப் போக வேண்டும். 1857ஆம் ஆண்டில் டச்சு வேதியியலாளர் டெ வ்ரெய் அங்கே வந்தார். மலேரியாவுக்கு மருந்தான குவினைன் தரும் சிங்கோனா மரத்தை ஜாவாவில் வளர்க்கும் முயற்சி நடந்த காலம் அது. அவர் வந்ததும் அந்த வேலைக்குத்தான். அங்கே பூத்திருந்த பம்ப்ளிமாஸ் வகை மரத்தின் பூக்களிலிருந்து ஒரு கசப்புப் பொருளைப் பிரித்தார். ஆரஞ்சைக் குறிக்கும் சமஸ்கிருதச் சொல்லை எடுத்து அந்தப் பொருளுக்கு நரிஞ்சின் என்று பெயர் அமைந்தது.

டச்சுக்காரர் கையில் பம்ப்ளிமாஸ் இருந்தது என்பதே நம் பக்கத்து வாசகருக்கு ஒரு சிரிப்பு. அவர்கள் மொழியில் அந்தப் பழம் பொம்பெல்மூஸ். நம் பம்ப்ளிமாஸ் அவர்களிடமிருந்து வந்ததா, அவர்கள் நம்மிடமிருந்து எடுத்தார்களா என்பதில் அகராதிக்காரர்கள் இரண்டு கட்சி. 1658இல் போர்ச்சுக்கீசியரிடமிருந்து தூத்துக்குடியைப் பிடித்த டச்சுக்காரர்கள் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரை அங்கே இருந்தார்கள். சொற்கள் கைமாற அது போதும். மலைக்கு அந்தப் பக்கம் கொச்சியில் இருந்த அவர்களுடைய ஆளுநர் வான் ரீட், மலபார்த் தாவரங்களைப் பற்றி ஆர்ட்டஸ் மலபாரிக்கஸ் என்ற பன்னிரண்டு தொகுதி நூலை உருவாக்கினார். 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் அது அச்சானது. அதில் செடிகளின் மலையாளப் பெயர்களையும் பதித்திருந்தார்கள். மலைநாரகம், காட்டுநாரகம் என்று வரும் பெயர்களை அதில் பார்க்கலாம். நாரகம் என்பது மரம். அதன் காய் நாரங்ங. அடுத்த நூற்றாண்டில், 1763இல், பிரெஞ்சுத் தாவரவியலார் அடான்சன் இதே வர்க்கத்து முள்மரம் ஒன்றின் பேரினத்துக்கு நரிங்கி என்றே பெயர் வைத்தார். டெ வ்ரெய் ஜாவாவில் கால் வைப்பதற்கு ஏறக்குறைய நூறு ஆண்டுக்கு முன்பே, ஐரோப்பியத் தாவர நூல்களில் நம் சொல் ஏறி உட்கார்ந்திருந்தது.

‘நம் சொல்’ என்று எழுதும்போது கொஞ்சம் நிதானிக்க வேண்டும். சமஸ்கிருதத்தில் நாரங்க. தெலுங்கில் நாரிஞ்ச, அங்கே ஆரஞ்சுக்கு இன்றும் அதுதான் பெயர், நரிஞ்சினுக்கு ஒலியில் மிக நெருங்கி நிற்பதும் அதுவே. மலையாளத்தில் நாரகம், தமிழில் நாரத்தை. சமஸ்கிருதச் சொல்லே திராவிட மொழிகளிலிருந்து போனது என்று கருதும் மொழியியலார் பலர். நாறு என்ற வினையோடு இதை முடிச்சுப் போடுகிறவர்களும் உண்டு. நாறுதல் முன்பு நல்ல மணத்தையும் குறித்தது, இன்றுதான் சாக்கடைக்கு ஒதுங்கிவிட்டது. கேட்க இனிமையான முடிச்சு. ஆனால் தமிழில் வல்லின றகரமும் இடையின ரகரமும் அப்படிக் கண்டபடி இடம் மாறிக்கொள்வதில்லை. ஆசைப்பட்டு அவிழ்க்க வேண்டாம் என்று விட்டுவிடுகிறேன்.

சங்க நூல்களில் நரந்தம் வருகிறது. குறிஞ்சிப்பாட்டில் கபிலர் அடுக்கும் 99 பூக்களில் அது ஒன்று. பூவென்று கொள்ளும் இடத்தில் நாரத்தம்பூ என்று பொருள் சொல்வது மரபு. பதிற்றுப்பத்திலோ இமயத்துக் கவரிமா நரந்தத்தைக் கனவில் காண்கிறது. அது மேய்ச்சலுக்கான மணப்புல். அதியமான் இறந்தபோது ஔவை பாடிய புறநானூற்றுப் பாட்டில் அவன் கையில் நரந்தம் மணக்கிறது. பழந்தமிழர் அந்தச் சொல்லை மணத்துக்காக நினைத்தார்கள். கசப்பு, ஊறுகாய்ப் பேச்செல்லாம் பிறகு வந்தது.

சொல் மேற்கே போன வழி ஊரறிந்தது. பாரசீகத்தில் நாரங், அரபியில் நாரஞ்ச், ஸ்பானியத்தில் நரன்ஹா. இத்தாலியில் பெயருக்கு முன்னால் வரும் ‘ஒரு’ என்ற சொல்லும் னகரத்தில் முடிய, இரண்டு ஒலிகளும் ஒட்டி, பழத்தின் முதலெழுத்து அந்த ‘ஒரு’வோடு போய்விட்டது; அரஞ்சா ஆனது. பிரெஞ்சில் பொன்னைக் குறிக்கும் ‘ஓர்’ என்ற சொல்லின் சாயல் படிந்து ஒராஞ்ச் ஆனது. ஆங்கிலேயர் அதைக் கொண்டுவந்து நம்மிடம் ஆரஞ்சு என்று இறக்கினார்கள். யாழ்ப்பாணத்தார் அதற்குத் தோடம்பழம் என்று சொந்தப் பெயர் வைத்துக்கொண்டு தப்பித்தார்கள். நாமோ ஒரே சொல்லை இரண்டு முறை வாங்கிவைத்திருக்கிறோம்: பழக்கடையில் ஆரஞ்சு, ஊறுகாய் ஜாடியில் நாரத்தை.

இப்போது ஒரு சிக்கல். ஆரஞ்சின் பெயரைச் சூடிய நரிஞ்சின், நாம் உரித்துத் தின்னும் இனிப்பு ஆரஞ்சில் முக்கியப் பொருளே அல்ல. அதில் நிறைந்திருப்பது ஹெஸ்பெரிடின். 1828இல் லெப்ரெத்தோன் என்ற பிரெஞ்சு வேதியியலாளர் பிரித்தது. கிரேக்கப் புராணத்தில் பொற்கனித் தோட்டத்தைக் காத்த ஹெஸ்பெரிடிஸ் கன்னியரின் பெயர் அதற்கு. நாக்கில் வைத்தால் கசப்பும் இல்லை, இனிப்பும் இல்லை. அப்படியானால் பம்ப்ளிமாஸ் பூவில் எடுத்த பொருளுக்கு ஆரஞ்சின் பெயர் வைத்தது தவறான கணக்கா?

அகராதியில் ஆரஞ்சு என்று ஒரு சொல்லில் பொருள் எழுதிவிட்டுப் போனால் தவறுதான். ஆனால் நாரங்கம் கடலும் பாலைவனமும் தாண்டிய காலத்தில் மேற்கே போனது இனிப்பு ஆரஞ்சு அல்ல. அராபியர் சிசிலிக்கும் ஸ்பெயினுக்கும் கொண்டுபோனது புளிப்பும் கசப்பும் கொண்ட காய். இனிப்பு ஆரஞ்சு பல நூற்றாண்டு கழித்துப் போர்ச்சுக்கீசியரின் வணிகத்தோடு பரவியது. அதனால்தான் அரபியில் அதற்குப் புர்த்துக்கால், பாரசீகத்தில் போர்த்தெகால், துருக்கியில் போர்த்தகால். எல்லாம் போர்ச்சுக்கல் என்ற நாட்டின் பெயரே. அரபியில் நாரஞ்ச் என்றால் இன்றும் கசப்பு ஆரஞ்சுதான். அந்தக் கசப்பு ஆரஞ்சின் தோலில் நரிஞ்சின் உண்டு. ஆக, பழைய பொருளின்படி பார்த்தால் பெயர் சரியான இடத்தில்தான் போய் உட்கார்ந்திருக்கிறது. பழத்தைத் தவறவிட்டாலும் சுவையை அது தவறவிடவில்லை.

நம் சமையலறையிலேயே இதற்கு ஓர் உறவுக்காரப் பெயர் உண்டு: வேப்பிலைக்கட்டி. நாரத்தை இலை, எலுமிச்சை இலை இவற்றின் நரம்பைக் கிள்ளி எறிந்து, வற்றல் மிளகாய், உப்பு, பெருங்காயம், கொஞ்சம் ஓமம் சேர்த்து இடித்து உருட்டுவது. அதில் வேப்பிலை ஒன்றுகூட இல்லை. நாக்கில் படும் கசப்புக்குத் தமிழனுக்குத் தெரிந்த மூத்த பெயர் வேம்பு, வைத்துவிட்டார்கள். நரிஞ்சினுக்குப் பெயர் வைத்தவரும் வேப்பிலைக்கட்டிக்குப் பெயர் வைத்த பாட்டியும் இந்த இடத்தில் ஒரே பள்ளிக்கூடம்.

இந்தப் பெயர் வீண்பழியும் சுமந்திருக்கிறது. பம்ப்ளிமாசும் இனிப்பு ஆரஞ்சும் கலந்து கரீபியத் தீவுகளில் பிறந்த கிரேப்ஃப்ரூட்டின் சாறு, சில ரத்த அழுத்த மாத்திரைகளின் அளவை உடம்பில் ஏற்றிவிடுகிறது என்று 1989இல் கனடாவில் டேவிட் பெய்லி குழுவினர் வெளியிட்டார்கள். அந்தப் பழத்தின் கசப்பே நரிஞ்சின்தானே என்று சந்தேகம் முதலில் அதன் மேல் விழுந்தது. பிறகு ஃபுரானோகூமரின் என்ற வேறு கூட்டம்தான் முக்கியக் காரணம் என்று தெரிந்தது. கசப்பாக இருப்பவன் மேல்தான் முதல் சந்தேகம். ஊர் வழக்கம் ஆய்வுக்கூடத்திலும் உண்டு.

பழி சுமந்த பொருளே அதற்கு முன்பு பெரிய விந்தையும் காட்டியிருந்தது. அமெரிக்க வேளாண் துறையின் ஹோரோவிட்ஸும் ஜென்டிலியும் நரிஞ்சினைக் காரத்தில் இட்டு அதன் நடு வளையத்தைத் திறந்து, ஹைட்ரஜன் சேர்த்தார்கள். கிடைத்த டைஹைட்ரோசால்கோன் கசக்கவில்லை. சர்க்கரையைப்போல நூற்றுக்கணக்கான மடங்கு இனித்தது. 1963இல் அதற்குக் காப்புரிமை பெற்றார்கள்.

சிவகிரிப் பக்கத்து அடுப்படிகளில் காரமும் ஹைட்ரஜனும் இல்லை, உப்பு இருந்தது. காயை அடிவரை வெட்டாமல் சுருள் சுருளாக அரிந்து, இடுக்குகளில் கல்லுப்பை அடைத்து, ஜாடியில் ஊறவிட்டு, வெயிலில் காயவைத்து, மறுபடி அதே உப்புநீரில் போட்டு, மறுபடி காயவைத்து எடுப்பார்கள். கசப்பில் கொஞ்சம் நீரோடு இறங்கும். மிச்சத்தை நாக்கு அவ்வளவாக உணராது. உப்பிலுள்ள சோடியம் கசப்புணர்வை அமுக்கும் என்பது இன்று சோதித்து அறிந்த சங்கதி. காய்ச்சல் விட்ட மறுநாள் கஞ்சிக்கு ஒரு துண்டு கிள்ளி வைத்து, “இத நாக்குல தடவிக்கோடா, வாய்க்கசப்பு போயிரும்” என்று ஆச்சிமார் சொல்வது, கசப்பைக் கொண்டே கசப்பைக் கழிக்கும் வித்தை.

நாரத்தை உலகம் சுற்றிய வழியில் இத்தாலியில் ஓர் எழுத்தைத் தொலைத்தது, பிரான்சில் பொன்முலாம் பூசிக்கொண்டது, ஜாவாவில் ‘இன்’ விகுதி ஏற்றது. ஊர் திரும்பிய ஆரஞ்சில் அந்த முதல் ‘நா’ இல்லை. வெளியே போகாமல் உப்பிலேயே கிடந்த நாரத்தையில் அது கெடாமல் இருக்கிறது.