ஷெர்லி: பையனுக்குன்னு வச்சிருந்த பேரு

ஷெர்லின்னதும் உங்களுக்கு ஒரு பெண் முகம்தானே ஞாபகம் வருது?

19-ஆம் நூற்றாண்டின் பாதி வரைக்கும் இங்கிலாந்தில் அது ஊர்ப்பெயர், குடும்பப்பெயர். பழைய ஆங்கிலத்தில் 'காட்டுக்குள் வெளிச்சமான வெட்டவெளி' என்று பொருள். முதல் பெயரா வச்சா, அதுவும் அபூர்வமா, ஆண்பிள்ளைக்குத்தான்.

1849-இல் சார்லட் பிராண்டியின் 'ஷெர்லி' நாவல் வந்தது. ஆண் வாரிசுக்கு ஏங்கிய பெற்றோருக்கு, கல்யாணமாகி எட்டு வருஷம் கழிச்சும் கிடைச்சது ஒரு பெண் குழந்தைதான். பையனுக்கு வைக்க நினைச்ச குடும்பப்பெயரை அவளுக்கே வச்சிட்டாங்க. (நம்ம ஓபி சீட்டுல இன்னும் 'போதும்பொண்ணு', 'வேண்டாம்' எல்லாம் வருது. இவங்களாவது நல்ல பேரா வச்சாங்க.)

எழுதினவரே 'கரர் பெல்' என்ற புனைபெயருக்குப் பின்னால் ஒளிஞ்சிருந்த பெண்தான்!

டாக்டரா எனக்கு மனசு நிக்கிற இடம் வேற. இந்த நாவலை எழுதிட்டிருந்தப்போ, எட்டே மாசத்தில் தம்பி பிரான்வெல், தங்கைகள் எமிலி, ஆன் மூணு பேரையும் சார்லட் பறிகொடுத்தார். தங்கைகள் ரெண்டு பேருக்கும் காசநோய். அதுக்கு மருந்து வர இன்னும் நூறு வருஷம் இருந்தது. எமிலிக்கு ஆரோக்கியமும் வசதியும் கிடைச்சிருந்தா எப்படி இருந்திருப்பாளோ, அவள்தான் ஷெர்லி. இதை சார்லட்டே தோழி எலிசபெத் காஸ்கெலிடம் சொல்லியிருக்கார்.

நாவலுக்கு அப்புறம் பெண் குழந்தைகளுக்கு இந்தப் பேரை வைக்க ஆரம்பிச்சாங்க. 1930-களில் ஹாலிவுட் குழந்தை நட்சத்திரம் ஷெர்லி டெம்பிள் வந்ததும் அது முழுசா பெண் பெயராவே ஆகிடுச்சு.

இலங்கையிலும் பழைய வழக்கம் கொஞ்சம் மிச்சம் இருந்தது. 1976-இல் ஐ.நா. பொதுச்சபைத் தலைவரான ஹாமில்டன் ஷெர்லி அமரசிங்க, ஆண்தாங்க.